என் கணக்கில் பதினொரு பேர்

1

சென்ற குளிர்காலத்தில் எனக்கு வேலை போய்விட்டது என்று எங்கள் வீட்டு டிவி முடிவு செய்தது. எனக்கே தெரியாமல் எப்போது போனது என்று நானும் கொஞ்ச நாள் குழம்பித்தான் போனேன்.

நாங்கள் இருப்பது நெதர்லாந்தில், ஐந்தோவன் நகரத்தில். மாதச் சந்தா கட்டி வீட்டிலேயே படம் பார்க்கும் சேவை ஒன்றை வைத்திருக்கிறோம். விளம்பரம் இல்லாமல் பார்க்க ஒரு விலை, விளம்பரத்தோடு பார்க்க ஒரு விலை. பாளையங்கோட்டைக்காரன் இதில் எதை எடுப்பான் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. காசு மிச்சம், டச்சு மொழிப் பயிற்சியும் இலவசம் என்று எஸ்தரிடம் சொல்லி வைத்திருந்தேன். எஸ்தர் என் மனைவி.

முதலில் கார், பாலாடைக்கட்டி, சலவைத்தூள் என்று வழக்கமான விளம்பரங்கள்தான் வந்தன. திடீரென்று எல்லாம் மாறின. "புதிய தொடக்கத்துக்குத் தயாரா?" என்று ஒரு அம்மாள் சிரித்துக்கொண்டே கேட்டாள். எந்த வயதிலும் புதுத் தொழில் கற்கலாம் என்று ஒருவர் தட்டிக்கொடுத்தார். வேலை இழந்தவர்களுக்கு ஆலோசனை சொல்லும் வக்கீல் ஒருவர், நான் கால்பந்து பார்க்கும்போதெல்லாம் வந்து நின்றார். அந்த நேரம் பார்த்து எங்கள் தொழிற்சாலையில் ஆள் குறைப்பு என்று பேச்சு அடிபட்டது. இயந்திர பாகங்களின் தரம் பார்க்கும் பிரிவில் இருபது வருடத்துக்கு மேல் இருக்கிறேன். என்னிடம் சொல்வதற்கு முன்னால் டிவிக்காரனிடம் சொல்லிவிட்டார்களோ என்று உண்மையிலேயே பயந்தேன்.

இந்த நாட்டில் சொந்த மேலாளரைப் பார்ப்பதென்றாலும் முன்கூட்டியே நேரம் வாங்க வேண்டும். வாங்கி, போய் உட்கார்ந்து, என் வேலைக்கு ஏதாவது ஆபத்தா என்று கேட்டேன். ஏன் இப்படிக் கேட்கிறீர்கள் என்றார் அவர். டிவியில் பார்த்தேன் என்றேன். அவர் ஒரு வாரம் விடுமுறை எடுத்துக்கொள்ளச் சொன்னார்.

2

இதை என் மகள் ரூத்திடம் சொன்னபோது சமையல் மேடையில் ஏறி உட்கார்ந்து சிரித்தாள். அவள் பக்கத்து ஊர்ப் பல்கலைக்கழகத்தில் முதுகலை படிக்கிறாள். வெள்ளிக்கிழமை வீட்டுக்கு வந்து ஞாயிற்றுக்கிழமை திரும்பிப் போவாள். கைக்குழந்தையாக இங்கே வந்தவள். நாங்கள் தமிழில் கேட்டால் டச்சில் பதில் சொல்லுவாள். அத்தி பூத்தாற்போல் தமிழ் பேசினால் என்னையும் நீ என்பாள், பெரியப்பாவையும் நீ என்பாள். நானோ இங்கே வந்த நாள் முதலாக டச்சில் எல்லாரையும் மரியாதைச் சொல் போட்டுத்தான் கூப்பிடுகிறேன். பக்கத்து வீட்டுப் பூனையையும் அப்படிக் கூப்பிட்டதாக ரூத் தன் தோழிகளிடம் சொல்லிச் சிரித்திருக்கிறாள்.

அவள் எங்களைவிட்டுக் கொஞ்சம் கொஞ்சமாக விலகிப்போகிறாள் என்று எங்கள் இருவருக்கும் உள்ளுக்குள் வருத்தம் இருந்தது. ஊர்க்கதை பேசினால் எழுந்து போவாள். விடுமுறைக்குப் பாளையங்கோட்டை போகலாம் என்றால் பரீட்சை என்பாள். "இவளுக்கு நம்ம ஆளுக யாரும் வேண்டாம் போல" என்று எஸ்தர் சொல்லுவாள். நான் மறுத்துப் பேசுவேன், ஆனால் எனக்கும் அதே எண்ணம்தான்.

அன்றைக்கு ரூத் சிரித்து முடித்துவிட்டு விளக்கினாள். சந்தா வாங்கும் நிறுவனங்களுக்கு ஒரே ஒரு பயம்தான், கட்டுகிறவன் எந்த மாதம் நிறுத்துவான் என்பது. அதனால் நாம் என்ன பார்க்கிறோம், எந்த நேரத்தில் பார்க்கிறோம், எந்த இடத்தில் நிறுத்துகிறோம், எதைத் திரும்பப் பார்க்கிறோம் என்று ஒன்றுவிடாமல் குறித்து வைக்கிறார்கள். அதிலிருந்து இவன் இப்படிப்பட்ட ஆள் என்று ஒரு உருவத்தைப் பிடிக்கிறார்கள். அந்த உருவத்துக்குப் பிடித்த படத்தை முன்னால் வைக்கிறார்கள், பொருத்தமான விளம்பரத்தை விற்கிறார்கள். வேலை நாளில் பகலெல்லாம் படம் ஓடினால் அந்த உருவத்துக்கு வேலை இல்லை என்று அர்த்தம். இவ்வளவும் சொல்லிவிட்டு, நம்ம கணக்கை யார் யாரெல்லாம் பார்க்கிறார்கள் என்று கேட்டாள்.

நான் பெருமையாகவே சொன்னேன். நாங்கள் மூன்று பேர். பாளையங்கோட்டையில் என் அண்ணன் வீட்டில் நான்கு பேர். அதே ஊரில் எஸ்தரின் தம்பி டேவிட் வீட்டில் நான்கு பேர். ஆக மொத்தம் பதினொன்று.

ஒரே கணக்குக்குள் ஆளுக்கு ஒரு பெயர் வைத்துத் தனித்தனியாகப் பார்க்க வழி உண்டு. ரூத் என்றைக்கோ அப்படிப் பிரித்தும் வைத்திருந்தாள். என் அண்ணன் ஓய்வுபெற்ற பள்ளிக்கூட வாத்தியார். அவருக்கு அது பொறுக்கவில்லை. "ஏலே ஜேக்கப், அய்யா இருந்த வீட்டையே நாம இன்னும் பாகம் பிரிக்கல. நீ படம் பாக்கதுல போய்ப் பாகம் பிரிச்சிருக்கியே, நல்லாவாலே இருக்கு?" என்று போனில் பிடித்துக்கொண்டார். டேவிட் வீட்டிலும் மனத்தாங்கல் என்று தெரிந்தது. அன்றைக்கே பிரித்ததையெல்லாம் அழித்தேன். அதிலிருந்து பதினொரு பேரும் 'ஜேக்கப்' என்ற ஒரே பெயருக்குள் போய்த்தான் பார்த்துக்கொண்டிருந்தோம். எங்கள் பக்கத்து ஆட்களைத் தவிர வேறு யாரும் இந்தக் காரியத்தைச் செய்திருக்க மாட்டார்கள்.

ஆகவே பகலெல்லாம் பார்ப்பது அண்ணன்தான், அதை வைத்துத்தான் எனக்கு வேலை போய்விட்டது என்று நினைத்துவிட்டார்கள் என்று அங்கேயே தீர்ப்பு எழுதினோம். பெரியப்பா ஓய்வுபெற்று எத்தனையோ வருடம் ஆயிற்றே, இப்போது மட்டும் ஏன் இந்த விளம்பரம் என்று ரூத் முணுமுணுத்தாள். நாங்கள் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

3

ரூத் அப்போது ஒரு ஃபெலோஷிப்புக்கு விண்ணப்பிக்கத் தயாராகிக்கொண்டிருந்தாள். மாணவர்கள் தாங்களே ஒரு கேள்வியை எடுத்துக்கொண்டு ஆராய ஒரு அறக்கட்டளை கொடுக்கும் உதவித்தொகை அது. நாடு முழுவதிலுமிருந்து பிள்ளைகள் போட்டி போடுவார்கள், எடுப்பது விரல்விட்டு எண்ணக்கூடிய சிலரைத்தான். கிடைத்தால் அவள் விரும்பியபடி ஆராய்ச்சிக்குப் போகலாம். கிடைக்காவிட்டால் படிப்பை முடித்துவிட்டு ஏதாவது வேலையில் சேர வேண்டியதுதான். சந்தா நிறுவனங்கள் வாடிக்கையாளரின் தகவலை என்ன செய்கின்றன என்பதுதான் அவள் எடுத்திருந்த கேள்வி. நல்ல உதாரணம் ஒன்று இல்லாமல் தவித்துக்கொண்டிருந்தாள். இப்போது உதாரணம் எங்கள் வீட்டு வரவேற்பறையிலேயே உட்கார்ந்திருந்தது.

தன்னைப் பற்றி ஒரு நிறுவனம் வைத்திருக்கும் தகவலைக் கேட்டு வாங்க இங்கே சட்டம் இடம் கொடுக்கிறது. கணக்கு என் பெயரில் இருப்பதால் நான்தான் கேட்க வேண்டும். கேட்டேன். நீங்கள்தான் ஜேக்கப் என்பதற்கு என்ன சான்று என்று கேட்டார்கள். அங்கேதான் சிக்கல்.

என் அப்பாவின் பெயர் சாமுவேல். பாஸ்போர்ட்டில் குடும்பப் பெயர் என்ற இடத்தில் அதுதான் இருக்கிறது. அதனால் நகராட்சியிலிருந்து பல் மருத்துவர் வரை இந்த நாட்டில் எனக்குப் பெயர் திரு. சாமுவேல். உயிரோடிருந்த காலத்தில் என் அப்பா மதுரைக்கு அப்பால் போனவரில்லை. தாமிரபரணியின் வண்ணாரப்பேட்டைப் படித்துறையில் குளிக்காவிட்டால் குளித்த மாதிரியே இல்லை என்பார். அவருக்கு இன்று நெதர்லாந்து வரி அலுவலகம் கடிதம் போடுகிறது. படக் கணக்கை மட்டும் நான் 'எஸ். ஜேக்கப்' என்று நம் ஊர் வழக்கப்படி திறந்திருந்தேன். சாமுவேல் வேறு, ஜேக்கப் வேறு என்றார்கள். பிறப்புச் சான்றிதழ் கேட்டார்கள், அதற்கு மொழிபெயர்ப்பு கேட்டார்கள், மொழிபெயர்த்தவருக்கு முத்திரை இருக்கிறதா என்று கேட்டார்கள். நான் என்ன படம் பார்க்கிறேன் என்று என்னைவிட நன்றாகத் தெரிந்த நிறுவனத்துக்கு நான் யார் என்று மட்டும் கடைசிவரை பிடிபடவில்லை. ரூத்தான் விடாமல் எழுதி எழுதி அவர்களை வழிக்குக் கொண்டுவந்தாள்.

4

கோப்பு வந்த வெள்ளிக்கிழமை எங்கள் வீட்டில் ஒரே கொண்டாட்டம். ரூத் கணினியை வைத்துக்கொண்டு வாசிக்க வாசிக்க எஸ்தருக்குச் சிரித்துக் கண்ணில் நீர் வந்துவிட்டது. விடிந்ததும் பிரசங்கம், அது அண்ணன். அடுத்து மீன் குழம்புச் சமையல், அது அண்ணி. சாயங்காலம் கார்ட்டூன், அது டேவிட்டின் பிள்ளைகள். இரவு கொரியத் தொடர், அது எஸ்தர். இடையிடையே கால்பந்து, அது நான். இத்தனையையும் ஒரே மண்டையில் போட்டு நிறுவனம் செய்துவைத்திருந்த ஜேக்கப், கார்ட்டூனும் கொரியக் காதலும் பிடித்த, பக்தி முற்றிய, தூக்கமே இல்லாத ஒரு மனிதர்.

அந்த மனிதருக்குப் பழைய கறுப்பு வெள்ளைப் படங்களில் ஆர்வம் குறைந்துவருகிறது என்றும் ஒரு குறிப்பு இருந்தது. பாதியிலேயே நிறுத்திவிடுகிறாராம், சந்தாவையும் நிறுத்திவிடக்கூடும் என்று எச்சரிக்கை வேறு. உண்மையில் அது அண்ணன் வீட்டு மின்வெட்டு. கூடங்குளத்தில் அத்தனை பெரிய அணு உலையை வைத்துக்கொண்டு பாளையங்கோட்டைக்குக் கரண்ட் இல்லையாலே என்று அவர் போனில் கத்துவது எனக்குத்தான் தெரியும், நிறுவனத்துக்குத் தெரியாது.

ரூத் ஒவ்வொன்றுக்கும் இது யார், இது யார் என்று கேட்டாள். நாங்கள் சொல்லச் சொல்ல, அவர்கள் எப்படி, அவர்கள் பிள்ளைகள் எப்படி என்று கேட்டுக்கொண்டே இருந்தாள். எங்கள் ஆட்களைப் பற்றி அவளாகக் கேட்டு நான் பார்த்ததே இல்லை. எனக்கு உள்ளம் நிறைந்துபோயிற்று.

மறுநாள் காலையில் அவள் முகம் வேறு மாதிரி இருந்தது. எந்த நேரத்தில் எந்த போனில் ஓடியது என்ற பக்கங்களைத் தனியாக உட்கார்ந்து பார்த்திருக்கிறாள். சாப்பிடக் கூப்பிட்டதற்கு வரவில்லை. என்னவென்று கேட்டதற்கு, கோப்பில் ஒரு ஆளுடைய சொந்த விஷயம் இருக்கிறது, வெளியே தெரியக்கூடாதது, யார் என்று கேட்காதீர்கள் என்றாள்.

5

அடுத்த வெள்ளிக்கிழமை வந்தபோது சொன்னாள். அந்த வாரத்தில் தன் வழிகாட்டிப் பேராசிரியரிடம் பெயர் சொல்லாமல் விஷயத்தை மட்டும் சொல்லியிருக்கிறாள். விண்ணப்பத்தின் உயிரே அதுதான், கட்டாயம் சேர்த்துக்கொள் என்றாராம் அவர். நிறுவனத்தின் கணிப்பு சரி, பிடித்த ஆள் மட்டும் தப்பு, இதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது என்றாராம். அதைச் சேர்க்காமல் அனுப்பினால் மீதியெல்லாம் வேடிக்கைக் கதையாகத்தான் இருக்கும் என்றும் சொல்லியிருக்கிறார். ரூத் சேர்க்கமாட்டேன் என்றுவிட்டாள்.

எனக்கு ஆத்திரம் வந்தது. கோபம் எனக்கு முன்னால் வரும், நிதானம் பைய வரும். முத்திரைக்கும் மொழிபெயர்ப்புக்கும் நான் அலைந்த அலைச்சல் என்ன, இவள் இப்போது கையில் இருப்பதைத் தூக்கிப் போடுவது என்ன என்று தோன்றியது. என் பெயரில் வந்த கோப்புதானே, கொடு நான் பார்க்கிறேன் என்றேன்.

"பேருதான் உன் பேரு அப்பா. அது உன் விஷயம் இல்ல" என்றாள்.

அந்த ஆளிடம் கேட்டு அனுமதி வாங்கிக்கொள்ள வேண்டியதுதானே, நம்ம ஆட்கள் யார் உனக்கு இல்லை என்று சொல்லப்போகிறார்கள் என்று கத்தினேன். அவள் கத்தவில்லை.

"கேட்டா, எனக்குத் தெரியும்னு அவங்களுக்குத் தெரிஞ்சிரும்லா அப்பா. பொறவு அவங்க சரின்னு சொன்னா என்ன, வேண்டாம்னு சொன்னா என்ன?"

ஞாயிற்றுக்கிழமை அவளை ரயிலேற்றிவிடக்கூட நான் போகவில்லை, எஸ்தர்தான் போனாள். கோப்பின் ஒரு பிரதி என் மின்னஞ்சலில் கிடந்தது, நான் நினைத்தால் திறந்திருக்கலாம். திங்கட்கிழமை முழுவதும் வேலையில் இதே நினைப்பு. என் மகளுக்கு நான் கற்றுக்கொடுக்காத ஒன்று அவளுக்குத் தெரிந்திருக்கிறது என்று மட்டும் புரிந்தது. சாயங்காலம் வீட்டுக்கு வந்ததும் அந்த மின்னஞ்சலை அழித்தேன். அவளைக் கூப்பிட்டுச் சொன்னேன். அவள் டச்சில் நன்றி என்றாள்.

அடுத்த வாரம் அவள் இரண்டு வீட்டுக்கும் போன் போட்டாள். கார்ட்டூன், பிரசங்கம், மீன் குழம்பு, மின்வெட்டு, இவற்றை மட்டும் எழுதுகிறேன், மீதியை அழித்துவிடுவேன், எழுதட்டுமா என்று ஆள் ஆளாகக் கேட்டாள். அண்ணனுக்குப் பிடிபடாத பெருமை. "எழுதுட்டி. என் பிரசங்கத்த நல்லாப் பெருசா எழுது" என்றார். டேவிட் மட்டும் கொஞ்சம் தயங்கி, அதில் எல்லாமா தெரியும் என்று கேட்டான். மீதியை அழித்துவிடுவேன் என்று எல்லாரிடமும் சொன்னதையே அவனிடமும் சொன்னாள். யாரும் கேட்கக்கூடிய கேள்விதானே என்று நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

6

நேர்காணலுக்குக் கூப்பிட்டார்கள். அதுவே பெரிய விஷயம் என்று நாங்கள் பேசிக்கொண்டோம், ஆனால் மூன்று பேருக்கும் அது போதவில்லை. எஸ்தர் அன்று முழுக்க உபவாசம் இருந்தாள். நான் வேலையில் சரியான பாகங்களையெல்லாம் பிழை என்று ஒதுக்கிக்கொண்டிருந்தேன்.

ரூத் வந்து சொன்னதைத்தான் சொல்கிறேன். பதினொரு பேர் ஒரே ஆளாக இருந்த கதையைக் கேட்டுக் குழுவில் எல்லாரும் சிரித்தார்களாம். பிறகு வயதான ஒரு பெண்மணி சிரிப்பை நிறுத்திவிட்டுக் கேட்டிருக்கிறார்: கோப்பு முழுவதும் உன் கையில் இருந்தது, இவ்வளவு லேசான விஷயங்களை மட்டும் ஏன் எடுத்திருக்கிறாய்? தெரியாமல் விட்டாயா, தெரிந்து விட்டாயா?

தெரிந்துதான் விட்டேன் என்றாளாம் ரூத். அனுமதி கேட்பதே அந்த ஆளுடைய விஷயத்தை அவர் முன்னால் போட்டு உடைப்பதாக ஆகிவிடும், அதனால் கேட்கவுமில்லை, எழுதவுமில்லை. நிறுவனம் யாரிடமும் கேட்காமலே அதை வைத்து விளம்பரம் விற்றது, நானும் அதையே செய்தால் இந்த ஆராய்ச்சியை ஏன் செய்கிறேன் என்று சொன்னாளாம். அந்தப் பெண்மணி அதைக் குறித்துக்கொண்டாராம். நான் தோற்றுவிட்டேன் அப்பா என்று ரயிலில் இருந்தே செய்தி அனுப்பினாள்.

அவளுக்குக் கிடைத்துவிட்டது. அறிவிப்போடு ஒரு குறிப்பும் இருந்தது. சும்மா கேட்டாலே ஒருவரைக் காட்டிக்கொடுத்துவிடக்கூடிய தகவலை என்ன செய்வது என்பதையே ஆராய்ச்சியின் மையக் கேள்வியாக வைத்துக்கொள்ள முடியுமா என்று கேட்டிருந்தார்கள். நான் அந்தக் கடிதத்தை அச்செடுத்துத் தொழிற்சாலைக்குக் கொண்டுபோய் மேலாளரிடம் காட்டினேன், இந்தமுறை நேரம் வாங்காமலே. டச்சுக்காரர்கள் பிள்ளைகளைப் பற்றி இப்படிப் பெருமை பேசமாட்டார்களாம். நான் பேசினேன். பார்த்தவர்களிடமெல்லாம் பேசினேன். இன்னும் பேசுவேன்.

7

பாளையங்கோட்டையில் எங்கள் சபையில் ஒரு வழக்கம் உண்டு. வீட்டில் ஒரு நன்மை நடந்தால் ஸ்தோத்திரக் காணிக்கையைக் கவரில் போட்டு, மேலே காரணத்தை எழுதிக் கொடுப்பார்கள். ஞாயிறு ஆராதனையில் குருவானவர் அதைச் சபைக்கு முன் வாசிப்பார். ஜெப வேண்டுதல்களையும் அப்படியே எழுதிக் கொடுக்கலாம். வாசிக்கச் சொல்லட்டுமா என்று எஸ்தர் ரூத்திடம் கேட்டாள். இவள் இருக்கிற இருப்பில் வேண்டாம் என்றுதான் சொல்வாள் என்று நான் நினைத்தேன். ரூத் சந்தோஷமாகச் சரி என்றாள். அண்ணன்தான் எழுதிக் கொடுத்தார்.

ஆராதனை இணையத்தில் வருகிறது. நம் ஊர்க் காலை எங்களுக்கு விடியாத நேரம் என்பதால், எழுந்து தோசை சாப்பிட்டுக்கொண்டே பதிவைப் பார்த்தோம். 'நெதர்லாந்து தேசத்தில் நமது சபையின் மகள் ரூத்துக்கு உலகப் புகழ்பெற்ற விருது கிடைத்ததற்காக' என்று குருவானவர் வாசித்தார். உலகப் புகழ் அண்ணனுடைய கைவரிசை. ரூத் முகத்தைக் கையால் மூடிக்கொண்டு சிரித்தாள்.

குருவானவர் அடுத்த தாளை எடுத்தார். "டேவிட் அவர்களின் ஜெப வேண்டுதல். கங்கைகொண்டான் தொழிற்பேட்டையில் பார்த்துவந்த வேலை போய்விட்டது. புதிய வேலை கிடைக்கச் சபையார் ஜெபிக்கும்படி கேட்டுக்கொள்கிறார்."

எஸ்தர் தட்டைக் கீழே வைத்துவிட்டாள். ரூத் திரையைப் பார்க்கவில்லை, தன் அம்மாவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். அப்போதுதான் எனக்கு எல்லாம் விளங்கியது. இத்தனை நாளும் அவள் நெஞ்சுக்குள் வைத்திருந்தது தன் மாமாவை.

நாங்கள் கூப்பிடுவதற்குள் அவனே கூப்பிட்டான். கம்பெனியில் ஒரு பிரிவையே மூடிவிட்டார்களாம். வீட்டில் சொல்ல வாய் வரவில்லை. வழக்கம் போல் சீருடை போட்டு, சாப்பாட்டைக் கட்டிக்கொண்டு கிளம்பி, குறுக்குத்துறைப் பக்கம் ஆற்றங்கரை மண்டபத்தில் உட்கார்ந்து சாயங்காலம் வரை போனில் படம் பார்த்துவிட்டுத் திரும்பியிருக்கிறான். வேலை தேடிக்கொண்டும்தான் இருந்திருக்கிறான், அமையவில்லை. முந்தின நாள்தான் தன் மனைவியிடம் சொன்னானாம். சொல்லிவிட்டு, ஒளித்தது போதும் என்று தானே எழுதிக் கொடுத்துவிட்டான். எஸ்தர் அழுதுகொண்டே திட்டினாள். அவன் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டு, ரூத்திடம் கொடுக்கச் சொன்னான். போனை நடுவில் வைத்தோம்.

"ஏட்டி ரூத்து, அன்னிக்கு எங்கிட்டப் பேசும்போதே உனக்குத் தெரியும்லா?"

"தெரியும் மாமா."

"உங்கம்மாட்டகூடச் சொல்லல."

"சொல்லல."

"படம் காட்டுத கம்பெனிக்காரனுக்கு மொதல்ல தெரிஞ்சிருக்கு, எம்பொண்டாட்டிக்குக் கடைசில தெரிஞ்சிருக்கு. நெனச்சா எனக்கே ஒரு மாதிரி இருக்கு. இப்பதான் ஊருக்கே சொல்லியாச்சே. இனி எழுதிக்கோட்டி. எம்பேரு போட்டே எழுதிக்கோ."

அந்த அனுமதி அவள் ஆராய்ச்சிக்கு எவ்வளவு வேண்டியது என்று இப்போது எனக்கும் தெரியும்.

"இப்ப வேண்டாம் மாமா" என்றாள். "மொதல்ல வேலை கிடைக்கட்டும். கிடைச்ச அன்னிக்கு எனக்குப் போன் போட்டு, எழுதுன்னு சொல்லணும். அன்னிக்கு எழுதுதேன்."

அந்தப் பக்கம் டேவிட் வாய்விட்டு அழுதான். இந்தப் பக்கம் நாங்கள் யாரும் போனை வைக்கவில்லை.